கதை எங்கே என்று தேடாமல் பார்ப்பது: ஒடுக்குமுறையையும் நினைவையும் பேசும் சோதனைக் குறும்படங்களுக்கு ஒரு வழிகாட்டி

சில வருடங்களுக்கு முன்னால் ஒரு திரைப்படச் சங்கத்தின் திரையிடலுக்கு நண்பர் ஒருவர் என்னை இழுத்துக்கொண்டு போனார். மின்விசிறி தடதடவென்று சுற்றும் ஒரு சின்ன ஹால், பிளாஸ்டிக் நாற்காலிகள், சுருக்கம் விழுந்த திரை. நாற்பது நிமிடப் படம், கறுப்பு வெள்ளை, துளிகூடச் சத்தம் கிடையாது, நடுநடுவே எழுத்து மட்டும் வந்து போனது. ஸ்பீக்கர் கெட்டுவிட்டது போலிருக்கிறது என்று பின்னால் திரும்பித் திரும்பிப் பார்த்தேன், பக்கத்தில் இருந்தவர் எழுந்துபோய் ஒயரை ஆட்டியே பார்த்துவிட்டு வந்தார். அப்புறம்தான் தெரிந்தது, படமே அப்படித்தானாம். பதினைந்தாவது நிமிடத்தில் தூங்கிவிட்டேன். இரண்டு வருடம் கழித்து அதே படத்தை வீட்டில் தனியாகப் பார்த்தபோது ஓரிடத்தில் நிறுத்தினேன், வெகுநேரம் மேற்கொண்டு ஓட்ட மனம் வரவில்லை. அதற்குள் இதே ரகத்தில் நாலைந்து படங்கள் பார்த்துக் கண் பழகியிருந்தது, வித்தியாசம் அவ்வளவுதான்.

அந்தப் பழக்கத்தை எப்படிப் பிடிப்பது என்று சொல்லத்தான் இந்தக் கட்டுரை. அரசியல் ஒடுக்குமுறை, சிறை, முகாம், தணிக்கை, மறக்கடிக்கப்பட்ட வரலாறு என்று பேசும் சோதனைக் குறும்படங்களை, அதாவது வழக்கமாகக் கதை சொல்லாமல் வடிவத்தில் புதிதாக எதையாவது முயன்று பார்க்கும் படங்களை, நமக்கு யாரும் கையைப் பிடித்துக் காட்டுவதில்லை. பார்த்தவர்கள் "அதை அனுபவிக்கணும் சார்" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார்கள், இல்லையென்றால் பத்துப் பக்கத்துக்குக் கோட்பாடு எழுதுவார்கள். புதிதாக வருகிறவருக்கு இரண்டாலும் உபயோகம் இல்லை. நான் எந்த வரிசையில் பார்த்திருந்தால் தூங்கியிருக்க மாட்டேனோ, அந்த வரிசையைச் சொல்கிறேன்.

உட்காருவதற்கு முன்னால்

படம் சின்னதுதானே, பஸ்ஸில் போகும்போது பார்த்துவிடலாம் என்று தோன்றும். வேண்டாம். ஆறு நிமிடப் படமாக இருந்தாலும் அரை மணி நேரம் ஒதுக்குங்கள், ஏனென்றால் அதை இரண்டு தடவை பார்க்கப்போகிறீர்கள். ஃபோனை ஏரோப்ளேன் மோடில் போட்டு, ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, பக்கத்தில் ஒரு பழைய நோட்டை வைத்துக்கொள்ளுங்கள். முதல் தடவை படத்தைப் பற்றி எதையும் படிக்காமல், நடுவில் நிறுத்தாமல் பார்க்க வேண்டும். புரியாமல் போனால் போகட்டும். முடிந்ததும் அந்த நாட்டில் அந்த வருடம் என்ன நடந்தது என்று ஒரு பக்கம் மட்டும் படியுங்கள், விமர்சனம் வேண்டாம், வரலாறு மட்டும் போதும். அப்புறம் இரண்டாம் தடவை. இந்தத் தடவை நிறுத்தி நிறுத்தி, தேவைப்பட்டால் பின்னால் ஓட்டி.

நோட்டில் மூன்றே மூன்று கேள்வி எழுதிக்கொள்ளுங்கள்: இந்தப் பிம்பத்தை யார் எடுத்தது? யாருக்காக எடுத்தது? எதைக் காட்டாமல் விட்டது? சாதாரணப் படம் பார்க்கும்போது நம் மனதில் ஓடுவது "அடுத்து என்ன ஆகும்" என்ற ஒரே கேள்விதான், அதை வைத்துக்கொண்டு இங்கே உட்கார்ந்தால் ஐந்தாவது நிமிடத்திலேயே கொட்டாவி வரும். மேலே சொன்ன மூன்றும் அப்படியல்ல, சில படங்களில் அவற்றுக்குப் பதில் தேடுவதே துப்பறியும் கதை மாதிரி போகும். போகப் போகப் பாருங்கள்.

பொம்மையிலிருந்து தொடங்குங்கள்

முதல் படத்துக்கு வசனம் இருக்கவே கூடாது. சப்டைட்டிலைத் துரத்திக்கொண்டு ஓடும் அவசரத்தில் பாதிப் படம் கண்ணிலிருந்து நழுவிவிடும். அதனால் செக்கோஸ்லோவாக்கியாவின் யிர்ஜி டிரன்கா 1965ல் செய்த 'கை' என்ற 18 நிமிடப் பொம்மைப் படத்தில் ஆரம்பியுங்கள். ஆங்கிலத்தில் தேடினால் 'தி ஹேண்ட்', செக் மொழியில் 'ரூகா'. இதற்குக் கதையும் உண்டு, ஆகவே பயப்பட வேண்டாம்.

ஒரு சின்ன அறை. அதில் ஒரு குயவன் பொம்மை, அவனிடம் ஒரு ரோஜாச் செடி. அந்தச் செடிக்கு நல்லதாக ஒரு தொட்டி செய்துவிட வேண்டும் என்பதுதான் அவன் வாழ்க்கையே. கதவு தட்டப்படுகிறது, கையுறை போட்ட ஒரு பெரிய கை உள்ளே வருகிறது. சக்கரத்தில் இருக்கும் மண்ணைத் தன் உருவத்துக்கு மாற்றிக் காட்டுகிறது, என்னைச் சிலையாகச் செய் என்கிறது. அவன் மாட்டேன் என்கிறான். கை போய்விட்டுத் திரும்பி வருகிறது, பரிசோடு, பணத்தோடு, தொலைக்காட்சிப் பெட்டியோடு, ஒரு தடவை லேஸ் கையுறை போட்டுக் கொஞ்சிக்கொண்டும். எதுவும் செல்லாதபோது அவனைக் கயிற்றில் கட்டிக் கூண்டில் அடைத்துச் சிலையைச் செதுக்க வைக்கிறது.

இப்போது இரண்டாம் தடவைக்கு. பொம்மையின் முகத்தில் நிறுத்துங்கள். அந்த முகம் படம் முழுக்க ஒரு மயிரிழைகூட மாறுவதில்லை, வரைந்த கண், வரைந்த வாய், அவ்வளவுதான். ஆனாலும் முதல் தடவை பார்த்தபோது அவன் பயந்ததும் களைத்ததும் உங்களுக்குத் தெரிந்திருக்கும். எப்படித் தெரிந்தது? ஒளி விழும் பக்கம், தலை சாயும் அளவு, கேமரா நிற்கும் உயரம் எல்லாம் சேர்ந்து செய்த வேலை அது. அடுத்து கையைப் பாருங்கள். அது பொம்மைக் கை அல்ல, நிஜ மனிதரின் கை. மரமும் துணியும் சேர்ந்த உலகத்துக்குள் சதையும் எலும்புமாக ஒன்று நுழைகிறது. அரசு, கட்சி, போலீஸ் என்று ஒரு வார்த்தைகூடப் பேசாமல் இரண்டு பொருள்களின் அளவு வித்தியாசத்தை வைத்தே அதிகாரம் என்பதைச் சொல்லிவிடுகிறார்.

இனி யார், யாருக்காக என்ற கேள்விகளுக்கு வாருங்கள். டிரன்கா தலைமறைவாக இருந்து எடுத்த படமல்ல இது. நாட்டுடைமையாக்கப்பட்ட ஸ்டுடியோவில், அரசுப் பணத்தில், அந்த நாட்டின் புகழ்பெற்ற கலைஞராக இருந்து எடுத்தது. 1969 கடைசியில் இறந்துபோனார், அரசு மரியாதையோடு அடக்கம் நடந்தது, சில மாதங்களில் 'கை' படத்தின் பிரதிகள் பறிமுதல் செய்யப்பட்டன, அடுத்த இருபது வருடம் அங்கே அதைத் திரையிட முடியவில்லை. படத்தின் முடிவைப் பார்த்தவர்களுக்கு இந்தத் தகவல் ஏன் குளிர் ஏற்றுகிறது என்று தெரியும், பார்க்காதவர்களுக்காக முடிவை விட்டுவிடுகிறேன்.

நம் அரசின் படத் தயாரிப்புப் பிரிவான ஃபிலிம்ஸ் டிவிஷனில் விசித்திரமான குறும்படங்கள் எடுத்த பிரமோத் பதி இந்த டிரன்காவிடம் பொம்மை அனிமேஷன் கற்றவர்தான். ஆகவே இது நமக்கு ரொம்பத் தூரத்துச் சொந்தமும் இல்லை.

கையோடு யான் ஷ்வாங்க்மையரின் 'பொஹீமியாவில் ஸ்டாலினிசத்தின் மரணம்' படத்தையும் பார்த்துவிடலாம். 1989ல் அங்கே கம்யூனிஸ்ட் ஆட்சி விழுந்த பிறகு பிபிசிக்காகச் செய்தது, 1990ல் வந்தது, பத்தே நிமிடம். ஸ்டாலினின் மார்பளவுச் சிலையை அறுவை மேசையில் கிடத்திக் கீறுகிறார்கள், உள்ளேயிருந்து குருதி வழிய இன்னொரு சிலை பிறக்கிறது. அது 1948ல் செக்கோஸ்லோவாக்கியாவில் கம்யூனிஸ்ட் கட்சி ஆட்சியைப் பிடித்தபோது தலைவராக இருந்த கிளெமென்ட் கோட்வால்ட். இந்தப் படத்துக்கு மட்டும் முன்னாலேயே கொஞ்சம் வரலாறு படித்துவிடுங்கள், இல்லையென்றால் யார் யாரைப் பெற்றார்கள் என்றே பிடிபடாது. களிமண்ணில் தொழிலாளர்களை வரிசையாக வார்த்தெடுத்து, தூக்கில் போட்டு, அதே மண்ணைத் திரும்ப வாளியில் போடும் காட்சி வரும். அந்த இடத்தில் ஒலியை மட்டும் கேளுங்கள்.

ஆறு நிமிடத்தில் ஒரு பாடல்

அடுத்தது கியூபா. சந்தியாகோ அல்வாரெஸ் 1965ல் செய்த 'நௌ'. அமெரிக்காவில் கறுப்பினத்தவர்கள் மீது போலீஸ் நடத்திய வன்முறையின் புகைப்படங்களும் செய்தித் துணுக்குகளும், அவற்றின் மேல் லீனா ஹார்ன் பாடிய ஒரு பாடல். நரேஷன் கிடையாது. பெரும்பாலும் அசையாத புகைப்படங்கள்தான், ஆனால் கேமரா அவற்றின் மேல் பாய்வதும் விலகுவதும் பாட்டின் தாளத்தோடு ஓடுவதால் சண்டைக் காட்சி பார்த்த மாதிரி மூச்சு வாங்கும். அவர் கையில் இருந்தது பத்திரிகைகளில் வெட்டியெடுத்த படங்களும் ஓர் எடிட்டிங் மேசையும்தான். குறும்படம் எடுக்க ஆசைப்பட்டுக் கேமரா வாங்கக் காசில்லை என்று உட்கார்ந்திருக்கும் தம்பி தங்கைகள் இதைக் கட்டாயம் பார்க்க வேண்டும்.

இதற்கு ஒரு சின்னப் பயிற்சி இருக்கிறது. இரண்டாம் தடவை ஒலியை முழுக்க நிறுத்திவிட்டுப் பாருங்கள். மூன்றாம் தடவை கண்ணை மூடிக்கொண்டு பாட்டை மட்டும் கேளுங்கள். கோபம் எங்கிருந்து வந்தது, படத்திலிருந்தா பாட்டிலிருந்தா, இரண்டும் மோதிய இடத்திலிருந்தா என்று உங்களுக்கே தெரிந்துவிடும். எடிட்டிங் பற்றி ஒரு மாத வகுப்பில் சொல்லித் தருவதில் பாதி இதில் வந்துவிடும் என்பது என் எண்ணம்.

இத்தோடு நிறுத்திக்கொண்டால் பாதி உண்மைதான் பார்த்ததாகும். 'நௌ' படத்தைத் தயாரித்த அதே கியூப அரசுத் திரைப்பட நிறுவனத்தில்தான் நிக்கோலாஸ் கியென் லாந்த்ரியான் என்ற கறுப்பின இயக்குநரும் இருந்தார். ஹவானாவைச் சுற்றிக் காப்பி பயிரிடும் அரசுத் திட்டத்தைப் பற்றிப் படம் எடு என்றார்கள். அவர் 1968ல் 'காஃபியா அராபிகா' என்று 18 நிமிடத்துக்கு ஒரு படம் எடுத்தார், காப்பி நடும் முறையெல்லாம் ஒழுங்காக இருக்கிறது, ஆனால் ஃபிடல் காஸ்ட்ரோ வரும் இடத்தில் பீட்டில்ஸ் குழுவின் ஒரு பாட்டை ஒட்டிவிட்டார். குன்றின் மேல் உட்கார்ந்திருக்கும் ஒரு முட்டாளைப் பற்றிய பாட்டு. பின்னால் அந்த நிறுவனத்திலிருந்து வெளியேற்றப்பட்டார், சிறை, மனநல மருத்துவமனை, மின் அதிர்ச்சி எல்லாம் பார்த்தார், கடைசியில் நாட்டை விட்டே போனார். இரண்டு படங்களையும் ஒரே மாலையில் அடுத்தடுத்துப் பாருங்கள். அடுத்த நாட்டில் நடக்கும் ஒடுக்குமுறையை அற்புதமாகக் காட்டும் ஓர் அரசு, தன் வீட்டில் ஒரு கிண்டலைக்கூடப் பொறுக்காது என்பதற்கு இதைவிட நெருக்கமான ஜோடி எனக்குத் தெரிந்து இல்லை.

ஒரு தொப்பி, ஒரு பெட்டி

இங்கேதான் கொஞ்சம் நேரம் செலவிட வேண்டும். இரண்டு படங்கள், இரண்டும் நாஜி முகாம்களைப் பற்றியவை, இடையில் ஐம்பது வருட இடைவெளி. முதலாவது பிரான்சின் அலென் ரெனே இயக்கிய 'இரவும் மூடுபனியும்', ஆங்கிலத்தில் 'நைட் அண்ட் ஃபாக்', 1956ல் வெளியானது, 32 நிமிடம். இரண்டாவது ஹாருன் ஃபரோக்கியின் 'ரெஸ்பிட்', அவகாசம் என்று சொல்லிக்கொள்ளலாம், 2007, நாற்பது நிமிடம். நான் தூங்கிய படம் இதுதான்.

முன்னெச்சரிக்கையாக ஒன்று சொல்லிவிடுகிறேன். ரெனே படத்தின் கடைசிப் பகுதியில் பிணக் குவியல்கள் வருகின்றன, எதையும் மறைக்காமல். சாப்பாட்டுக்கு முன்னாலோ தூங்கப் போகும் நேரத்திலோ பார்க்காதீர்கள், குழந்தைகள் இருக்கும் அறையில் வேண்டவே வேண்டாம்.

ரெனே செய்த காரியம் இதுதான். புல் முளைத்து அமைதியாகக் கிடக்கும் முகாம்களை வண்ணத்தில் எடுத்தார், கேமரா மெதுவாக நகர்ந்துகொண்டே இருக்கும். பழைய காட்சிகளைக் கறுப்பு வெள்ளையிலேயே இடையில் வைத்தார். பின்னணிக் குரலுக்கான உரையை எழுதிய ழான் கேரோல் அப்படியொரு முகாமிலிருந்து உயிரோடு வந்தவர். இன்றைக்கு எல்லா ஆவணப்படத்திலும் இந்த வண்ணம் - கறுப்பு வெள்ளை உத்தியைப் பார்த்துப் பழகிவிட்டதால் இதில் என்ன புதுமை என்று தோன்றலாம். பலரும் கற்றுக்கொண்டது இங்கேதான்.

இப்போது தொப்பி. முகாமுக்கு ஆட்களைச் சேர்த்து அனுப்பிய இடங்களில் ஒன்று பிரான்சிலேயே இருந்த பிதிவியே. அந்த இடத்தின் ஒரு பழைய புகைப்படம் படத்தில் வருகிறது, அதில் ஓரத்தில் காவலுக்கு ஒருவர் நிற்கிறார். அவர் தலையில் பிரெஞ்சுப் போலீஸ்காரரின் வட்டத் தொப்பி. பிரெஞ்சுத் தணிக்கைக்காரர்கள் அதை எடுக்கச் சொன்னார்கள். பிணங்கள் உறுத்தியதைவிடத் தொப்பி உறுத்தியது, ஏனென்றால் நாஜிகள் செய்த கொலையில் பிரெஞ்சுப் போலீசும் கைகொடுத்தது என்பதற்கு அது சாட்சி. கடைசியில் அந்தத் தொப்பியின் மேல் ஒரு உத்தரம் மாதிரி வரைந்து மறைத்து வெளியிட்டார்கள். பல வருடம் கழித்துத்தான் மறைக்காத ஷாட் திரும்ப வந்தது. நீங்கள் பார்க்கும் பிரதியில் அந்த இடத்தில் நிறுத்தித் தொப்பி இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள், சில விநாடிதான் வரும். அந்த வருடம் கான் விழாவில் மேற்கு ஜெர்மனித் தூதரகம் ஆட்சேபித்ததில் போட்டிப் பிரிவிலிருந்து படம் விலக்கப்பட்டது என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள். ஒருவருக்குத் தொப்பி வேண்டாம், இன்னொருவருக்குப் படமே வேண்டாம்.

மூன்றாவது கேள்வியை இந்தப் படத்தின் மேலேயே போடலாம். 32 நிமிடத்தில் கொல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர் யூதர்கள் என்பது நேராகச் சொல்லப்படுவதில்லை, அந்தச் சொல் ஒரே ஒரு தடவைதான் காதில் விழும். நல்ல படம், மகத்தான படம் என்றுகூடச் சொல்வேன், ஆனாலும் விட்டது விட்டதுதான்.

சரி, ஃபரோக்கிக்கு வருவோம். இவருடைய அப்பா இந்தியாவிலிருந்து போன டாக்டர், மகன் ஜெர்மனியில் இயக்குநரானார். 'ரெஸ்பிட்' படத்தில் இவர் புதிதாக எடுத்த ஷாட் ஒன்றுகூடக் கிடையாது. நெதர்லாந்தில் வெஸ்டர்போர்க் என்றொரு இடைநிலை முகாம், அங்கிருந்துதான் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் ஆஷ்விட்ஸ், சோபிபோர் என்ற கொலை முகாம்களுக்கும் மற்ற இடங்களுக்கும் ரயிலேற்றப்பட்டார்கள். 1944ல் முகாமின் தளபதி கெம்மெகர், கைதிகளில் ஒருவரான ருடால்ஃப் பிரெஸ்லவர் என்ற புகைப்படக்காரரைக் கூப்பிட்டு, முகாமைப் படம் எடுக்கச் சொன்னார். எங்கள் முகாம் எவ்வளவு உபயோகமாக வேலை செய்கிறது பாருங்கள் என்று மேலிடத்துக்குக் காட்டத்தான். ஆகவே காட்சிகளில் ஆட்கள் பழைய கேபிளை உரிக்கிறார்கள், வயலில் வேலை செய்கிறார்கள், உடற்பயிற்சி செய்கிறார்கள், சிரிக்கவும் செய்கிறார்கள். படம் முடிக்கப்படவில்லை. எடுத்தவரும் அந்த வருடமே ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார், உயிரோடு திரும்பவில்லை.

இந்தத் துண்டுகளை அப்படியே ஓட்டி, நடுவில் எழுத்தட்டைகள் மட்டும் வைத்தார் ஃபரோக்கி. இசை இல்லை, குரல் இல்லை. ஒரு காட்சியைக் காட்டுவார், பிறகு ஒரு வரி எழுதுவார், திரும்ப அதே காட்சியைக் காட்டுவார், நாம் முதலில் பார்க்காத ஒன்று இப்போது தெரியும். ரயிலேறும் இடத்தில் ஒரு பெண்ணைத் தள்ளுவண்டியில் படுக்கவைத்து உருட்டிக்கொண்டு போகிறார்கள், அவருடைய பெட்டியின் மேல் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கிறது. அந்தப் பெட்டியின் எழுத்தைப் பெரிதாக்கிப் படித்து, முகாம் பதிவேட்டோடு ஒப்பிட்டுத்தான் இந்த ரயில் 1944 மே 19 அன்று புறப்பட்டது என்று கண்டுபிடித்தார்கள். பெட்டி தொலைந்துவிடக் கூடாதே என்று யாரோ எழுதிய எழுத்து.

அதே ரயிலில், மூடப்போகும் சரக்குப் பெட்டியின் கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய ஒரு சிறுமி நின்று வெளியே பார்க்கிறாள். இந்த முகத்தை நீங்கள் ஏற்கெனவே எங்காவது பார்த்திருப்பீர்கள், ரெனே படத்திலும் வெஸ்டர்போர்க் காட்சிகள் உண்டு, புத்தகங்களிலும் வந்தாயிற்று. ஐம்பது வருடம் அவளைப் பெயர் தெரியாத யூதச் சிறுமி என்றே உலகம் சொல்லிக்கொண்டிருந்தது. 1994ல் ஒரு டச்சுப் பத்திரிகையாளர் பெட்டி எண்ணை வைத்துத் தேடிப்போய் அவள் பெயர் செட்டெலா ஸ்டைன்பாக், ஜிப்சி என்று அழைக்கப்பட்ட மக்களில் சின்டி இனத்தவள், அப்போது ஒன்பது வயது என்று கண்டுபிடித்தார். அந்த ரயிலில் ரோமா, சின்டி மக்களும் ஏற்றப்பட்டார்கள். அந்த மொத்தக் காட்சிகளிலும் அவ்வளவு அருகில் ஒரு முகத்தைக் காட்டுவது அந்த ஓரிடத்தில்தான். அந்த முகத்தில் அவ்வளவு பயம் தெரிந்ததால்தான் பிரெஸ்லவர் அப்புறம் எந்த முகத்துக்கும் அருகே போகவில்லையோ என்று ஃபரோக்கி ஓர் அட்டையில் கேட்டுவிட்டுப் போகிறார். நான் நிறுத்திய இடம் அது.

இந்த அமைதியை ஏன் வைத்தார் என்று கேட்டால், சோக வயலின் போட்டிருந்தால் நாம் அழுதுவிட்டுப் பெட்டியின் எழுத்தைப் படிக்காமல் விட்டிருப்போம் என்பது என் பதில். இதே ஆள் 1969ல், இளைஞராக இருந்தபோது, 'அணைக்க முடியாத நெருப்பு' என்று வியட்நாம் போரில் வீசிய நாபாம் என்ற தீக்குண்டு பற்றிய படத்தில் இன்னும் நேராகவே செய்தார். கேமராவுக்கு முன் உட்கார்ந்து, வெந்த உடல்களைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்று சொல்லிவிட்டு, எரியும் சிகரெட்டைத் தன் முன்கையில் அழுத்தி அணைக்கிறார். சிகரெட் சுமார் 400 டிகிரியில் எரிகிறது, நாபாம் சுமார் 3,000 டிகிரி என்று குரல் சொல்கிறது. ஒரே ஒரு சின்னச் சூடு. மீதியை நாமே பெருக்கிக்கொள்ள வேண்டும்.

படமே எடுக்கப்படாத விஷயத்துக்கு என்ன செய்வது

எல்லாவற்றுக்கும் ஒரு பிரெஸ்லவர் இருப்பதில்லை. 1941 டிசம்பரில் பேர்ல் துறைமுகத் தாக்குதல் நடந்த பிறகு அமெரிக்காவின் மேற்குக் கரையில் வாழ்ந்த ஜப்பானிய வம்சாவளியினரைச் சுமார் 1,20,000 பேரை அரசு முகாம்களில் கொண்டுபோய் அடைத்தது. அடைக்கப்பட்டவர்கள் கேமரா வைத்திருக்க அனுமதி இல்லை. அந்தக் குடும்பங்களில் ஒன்றில் பிறந்த ரியா தஜிரி 1991ல் 'ஹிஸ்டரி அண்ட் மெமரி' என்று 32 நிமிட வீடியோ செய்தார். அம்மாவிடம் கேட்டால் அம்மாவுக்கு முகாம் பற்றி ஏறக்குறைய எதுவும் ஞாபகம் இல்லை. மகளுக்கோ, தான் பிறப்பதற்கு முன்னால் நடந்த ஒரு காட்சி மட்டும் எப்படியோ மனதில் இருக்கிறது: பாலைவன வெயிலில் அம்மா ஒரு குழாயடியில் குடுவையில் தண்ணீர் பிடிக்கிறார். அதைத் தஜிரியே நடித்து எடுத்துத் திரும்பத் திரும்ப வைக்கிறார்.

கேமரா பார்க்காத காட்சிகளை எழுத்தாகத் திரையில் ஓடவிடுகிறார், மேலிருந்து யாராவது பார்த்துக்கொண்டிருந்தால் இப்படித் தெரிந்திருக்கும் என்பது போல. நடுநடுவே ஹாலிவுட் படத் துண்டுகளும் அரசுப் பிரசாரப் படங்களும் வரும். முதல் தடவை நிச்சயம் குழப்பும். எது அரசு எடுத்தது, எது சினிமா, எது குடும்பத்தினுடையது, எது இவர் புதிதாக எடுத்தது என்று நோட்டில் நான்கு பத்தி போட்டுக்கொண்டு இரண்டாம் தடவை பாருங்கள், முடிச்சு அவிழ்ந்துவிடும். ஒரு சின்ன மரப் பறவையை மட்டும் தவறவிடாதீர்கள். அம்மாவின் நகைப் பெட்டியில் கிடந்த, பாட்டி முகாமில் செதுக்கிய பறவை. தேசிய ஆவணக் காப்பகத்தில் தேடிக்கொண்டிருந்தபோது முகாமில் நடந்த பறவை செதுக்கும் வகுப்பின் புகைப்படம் ஒன்று தஜிரிக்குக் கிடைக்கிறது, அதில் பாட்டி உட்கார்ந்திருக்கிறார்.

எங்கே பார்ப்பது, யாருக்குப் போட்டுக் காட்டுவது

யூடியூபில் கிடைப்பதை முதலில் பார்க்கலாம், தப்பில்லை, ஆனால் நிமிடக் கணக்கைச் சரிபாருங்கள். 18 நிமிடப் படம் 14 நிமிடமாகக் கிடந்தால் யாரோ வெட்டியிருக்கிறார்கள், ஆறு நிமிடப் படத்தின் பாட்டு உரிமைச் சிக்கலால் மௌனமாக்கப்பட்டும் கிடக்கும். விழாக்களில் பெரிய திரையில் பார்க்க முடிந்தால் விடாதீர்கள். திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்ர அகாதமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவும் மும்பையில் 1990 முதல் நடக்கும் விழாவும் நமக்கு எட்டும் தூரத்தில் இருப்பவை. நாகர்கோவில்காரர்களுக்குத் திருவனந்தபுரம் சென்னையைவிடப் பக்கம்.

நண்பர்களுக்குப் போட்டுக் காட்ட ஆசை வரும். எட்டுப் பேருக்கு மேல் கூப்பிடாதீர்கள், ஒரு மாலைக்கு மொத்தம் ஐம்பது நிமிடத்துக்கு மேல் வேண்டாம். முன்னுரை பேசாதீர்கள். நான் ஒரு தடவை இருபது நிமிடம் பேசி, என் மச்சானே "மாப்ளே, படத்தப் போடு" என்று சொல்லும்படி ஆகிவிட்டது. முடிந்ததும் "என்ன புரிந்தது" என்று கேட்டால் எல்லாரும் பரீட்சை மாதிரி வாயை மூடிக்கொள்வார்கள். "எந்த இடத்தில் கண்ணை வேறு பக்கம் திருப்பினீர்கள்" என்று கேளுங்கள். பேச்சு தானாக வரும், டீ ஆறிப்போகும் வரை.

கடைசியாக, நம் ஊர்ப் படத்தில் கை வைப்பது

இவ்வளவு பார்த்த பிறகு அதே நோட்டை எடுத்துக்கொண்டு நம் எமர்ஜென்சிக்கு வாருங்கள், 1975 ஜூன் முதல் 1977 மார்ச் வரை. தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் கட்டாயமாக ஓடிய ஃபிலிம்ஸ் டிவிஷன் நியூஸ் ரீல் ஞாபகம் இருக்கிற தலைமுறை இன்னும் வீட்டில் இருக்கிறார்கள், அவர்களையும் பக்கத்தில் உட்காரவையுங்கள். சுக்தேவ் என்ற திறமையான இயக்குநர், முன்பு அரசையே உரசும் படங்கள் எடுத்தவர், 1976ல் எமர்ஜென்சிக்கு ஆதரவாக 'தண்டர் ஆஃப் ஃப்ரீடம்' எடுத்தார். ஏறக்குறைய அதே நேரம் ஆனந்த் பட்வர்தன் என்ற இளைஞர் பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயணன் நடத்திய இயக்கத்தைப் பற்றி 'கிராந்தி கி தரங்கேன்' என்று அரை மணி நேரப் படம் முடித்திருந்தார். இரண்டும் சோதனைப் படங்கள் இல்லை என்று யாராவது சண்டைக்கு வரலாம், வரட்டும். பட்வர்தனிடம் சரியான கேமரா இல்லை, கையடக்க சூப்பர் 8 கேமராவில் எடுத்ததைத் திரையில் ஓட்டி, அந்தத் திரையை 16 மில்லிமீட்டரில் திரும்பப் படம்பிடித்தார்கள். எமர்ஜென்சி வந்ததும் பிரதியைத் துண்டு துண்டாக வெட்டி, வெளிநாடு போகிறவர்களிடம் பகுதி பகுதியாகக் கொடுத்தனுப்பி, அங்கே போய் ஒட்டினார்கள். புள்ளி புள்ளியாகத் தெரியும் அந்தப் பிம்பம் அழகுக்காகச் செய்ததல்ல. இரண்டு படங்களையும் தேடிப் பிடித்து, ஒவ்வொன்றிலும் கூட்டத்தைக் காட்டும் ஒரு ஷாட்டில் நிறுத்தி, கேமரா எங்கே நிற்கிறது என்று மட்டும் நோட்டில் எழுதுங்கள்: மேடையிலா, கூட்டத்துக்குள்ளா.